அரிசியா, ரொக்கமா, வடிகட்டிய பட்டியலா: உணவு மானியத்தின் மூன்று வழிகள்

ஏழைக் குடும்பத்தின் உணவுச் செலவில் ஒரு பங்கை அரசு ஏற்பது என்று முடிவான பிறகு, அதை எந்த வடிவில் ஏற்பது என்ற கேள்வி உடனே எழுகிறது. இந்தியாவிலும் இலங்கையிலும் கடந்த எண்பது ஆண்டுகளில் மூன்று வழிகள் மாறி மாறிக் கையாளப்பட்டுள்ளன. எல்லோருக்கும் அரிசியாகவே கொடுப்பது ஒன்று. ஏழைகள் என்று பட்டியலில் சேர்க்கப்பட்டவர்களுக்கு மட்டும் அரிசி கொடுப்பது மற்றொன்று. அரிசியை நிறுத்திவிட்டு அதற்கீடான தொகையை வங்கிக் கணக்கில் செலுத்துவது மூன்றாவது. நிதித்துறைக் கோப்புகள் இம்மூன்றையும் பெரும்பாலும் ஒரே அளவுகோலால் அளக்கின்றன: ஒரு ரூபாய் பயன் ஏழையிடம் போய்ச்சேர அரசுக்கு எவ்வளவு செலவாகிறது என்பதே அது. அந்தக் கணக்கு தேவையானதுதான். ஆனால் அதைவிட முக்கியமான இன்னொன்று இருக்கிறது. சந்தையில் விலை ஏறும்போதும், பட்டியலில் பெயர் விடுபடும்போதும், வங்கி முகவரின் கருவியில் கைரேகை பொருந்தாமல் போகும்போதும் ஏற்படும் இழப்பை யார் சுமப்பது என்பதில்தான் இந்த மூன்று வழிகளும் உண்மையில் வேறுபடுகின்றன.

ரொக்கத்தின் பக்கம் இருக்கும் வாதத்தை முதலில் அதன் முழு வலிமையோடு பார்ப்பது நியாயம். இந்திய உணவுக் கழகம் நெல்லைக் கொள்முதல் செய்து, அரைத்து, சேமித்து, ரயிலேற்றி, மாநிலக் கிடங்குக்குக் கொண்டு சேர்க்கும்போது ஒரு கிலோ அரிசியின் அடக்கச் செலவு 40 ரூபாயை ஒட்டி வந்துவிடுகிறது. அதே அரிசியைப் பெறுபவர் அதற்கு அவ்வளவு மதிப்பு கொடுப்பதில்லை. பிடிக்காத ரகமென்று மாவுக்கோ மாட்டுத் தீவனத்துக்கோ விற்றுவிடுபவர்களும் இருக்கிறார்கள். உணவுக் கழகத்தைச் சீரமைக்க அமைக்கப்பட்ட சாந்தகுமார் குழு 2015இல் அளித்த அறிக்கை, 2011-12ஆம் ஆண்டில் ரேஷனுக்காக எடுக்கப்பட்ட தானியத்தில் ஏறத்தாழ 47 விழுக்காடு வழியில் கசிந்ததாகக் கணக்கிட்டு, படிப்படியாக ரொக்கத்துக்கு மாறும்படி பரிந்துரைத்தது. பணம் கையிலிருந்தால் ஒரு குடும்பம் அரிசிக்குப் பதில் முட்டையோ பருப்போ மருந்தோ வாங்கலாம். ஊர்விட்டு ஊர் போய்க் கட்டட வேலை செய்பவருக்கு ஊரிலுள்ள கடை அட்டையைவிடக் கணக்கில் விழும் பணம் எளிது. இவை எதையும் அலட்சியமாக ஒதுக்க முடியாது.

ரொக்கத்துக்கு எதிராக மேடைகளில் அதிகம் கேட்கும் வாதம், பணமாகக் கொடுத்தால் அது மதுக்கடைக்குப் போய்விடும் என்பது. இதை நான் ஏற்கவில்லை. சுயதொழில் செய்யும் பெண்களின் சங்கமான சேவா யுனிசெஃப் நிதியுதவியோடு மத்தியப் பிரதேசக் கிராமங்களில் நிபந்தனையின்றிப் பணம் கொடுத்து நடத்திய சோதனையில் குடிச்செலவு கூடியதற்கான சான்று கிடைக்கவில்லை. பணம் கிடைத்த வீடுகளில் சாப்பாடும் பிள்ளைகளின் படிப்பும் மேம்பட்டன. ஏழைக்குச் செலவு செய்யத் தெரியாது என்ற அனுமானத்தின் மேல் கொள்கை வகுப்பது தவறு. ஆனால் அந்தச் சோதனையில் கவனிக்க வேண்டிய மற்றொரு விவரம் இருக்கிறது. அங்கே பணம் ரேஷனுக்குப் பதிலாகக் கொடுக்கப்படவில்லை, ரேஷனோடு கூடுதலாகக் கொடுக்கப்பட்டது. ரொக்கத்தின் நன்மைகளுக்கு மேற்கோள் காட்டப்படும் ஆய்வுகளில் பலவும் இத்தகையவைதான். கூடுதலாகக் கிடைத்த பணம் விளைவித்த நன்மையை, அரிசியைப் பறித்துவிட்டுக் கொடுக்கும் பணமும் விளைவிக்கும் என்று கொள்வதற்கு அவை ஆதாரமாகா.

பதிலாகக் கொடுத்தால் என்ன நிகழும் என்பதற்கு நீண்டகாலச் சான்று இலங்கையில் இருக்கிறது. இரண்டாம் உலகப் போரின்போது, 1942இல், அங்கே பங்கீட்டு அரிசி தொடங்கியது. போர் முடிந்தபின்னும் அது நிற்கவில்லை. கூப்பன் புத்தகம் வைத்திருந்த எவரும், அவர் கொழும்பு வணிகரானாலும் தேயிலைத் தோட்டத் தொழிலாளியானாலும், வாரந்தோறும் தலைக்கு இவ்வளவு கொத்து (அங்கே வழங்கிய ஒரு முகத்தல் அளவை) அரிசி என்று பெற்றார்கள். 1953இல் ஒரு கொத்தின் விலை 25 சதத்திலிருந்து 70 சதமாக உயர்த்தப்பட்டபோது ஆகஸ்ட் 12ஆம் நாள் நாடே கடையடைத்தது. அமைச்சரவை துறைமுகத்தில் நின்ற பிரித்தானியப் போர்க்கப்பலில் கூடவேண்டிய நிலை வந்தது. சில வாரங்களில் பிரதமர் டட்லி சேனநாயக்க பதவி விலகினார். எல்லோரும் உண்ணும் அரிசியாக இருந்ததால்தான் எல்லோரும் தெருவுக்கு வந்தார்கள். வருமானம் குறைந்த நாடாக இருந்தும் இலங்கையின் சராசரி ஆயுள் அண்டை நாடுகளை வெகுவாக முந்தியதற்கு மலேரியா ஒழிப்பு, இலவச மருத்துவம், இலவசக் கல்வி ஆகியவற்றோடு இந்த அரிசியையும் காரணமாகச் சொல்லும் பொருளியலாளர்கள் உண்டு. அதன் செலவு வரவுசெலவுத் திட்டத்தை நெருக்கியது என்பதையும் மறைக்கத் தேவையில்லை.

1977இல் ஆட்சிக்கு வந்த ஜே. ஆர். ஜயவர்தன அரசு, இதை இரண்டு படிகளில் மாற்றியது. 1978இல் மாத வருமானம் 300 ரூபாய்க்குக் குறைந்த குடும்பங்களுக்கு மட்டும் என்று பங்கீடு சுருக்கப்பட்டது. ஏறத்தாழ பாதி மக்கள் வெளியேறினர். 1979 செப்டெம்பரில் அரிசி நீங்கி, ரூபாய் மதிப்பு அச்சிட்ட உணவு முத்திரை வந்தது. முத்திரையில் அச்சிட்ட தொகை அப்படியே நின்றது; பணவீக்கம் நிற்கவில்லை. மூன்றே ஆண்டுகளில் அதன் வாங்கும் திறன் பாதியளவுக்குத் தேய்ந்தது. மிக வறிய ஐந்தில் ஒரு பங்கினர் உட்கொண்ட கலோரி அக்காலத்தில் குறைந்ததையும், தகுதியுள்ள ஏழைகளில் ஒரு பகுதியினர் விடுபட்டு வசதியுள்ளவர்கள் பலர் முத்திரை பெற்றதையும் அப்போதைய ஆய்வுகள் பதிவுசெய்தன. முத்திரையின் தொகையை வெட்டுவதாக அரசு எந்த நாளிலும் அறிவிக்கவில்லை. தொகையை உயர்த்தாமல் இருந்ததே போதுமானதாயிற்று. 1953இல் பதவியைக் காவு வாங்கிய ஒரு விலையேற்றத்தைவிடப் பெரிய இழப்பு, கடையடைப்பு எதுவும் இல்லாமல் நடந்து முடிந்தது. காரணம், பாதிக்கப்பட்டவர்கள் இப்போது ஏழைகள் மட்டுமே.

இது இலங்கைக்கு மட்டும் நேர்ந்த விபத்தன்று. இந்திய அரசின் தேசிய முதியோர் ஓய்வூதியத் திட்டத்தில் 60 முதல் 79 வயது வரையுள்ளவருக்கு ஒன்றிய அரசு தரும் பங்கு மாதம் 200 ரூபாய். 2007ஆம் ஆண்டிலிருந்து அதே 200தான். தமிழ்நாட்டில் முதியோர் ஓய்வூதியம் 2011இல் 1,000 ரூபாய் ஆனது. அது 1,200 ஆவதற்கு 2023 வரை பன்னிரண்டு ஆண்டுகள் பிடித்தன. இதே தமிழ்நாட்டில் ரேஷன் அரிசியின் விலை 2006இல் கிலோ 2 ரூபாய், 2008இல் 1 ரூபாய், 2011இல் இலவசம் என்று இறங்கியது. ஒரே மாநிலம், ஒரே கட்சிகள், ஒரே வாக்காளர்கள். ஆனால் கிலோவில் எழுதப்பட்ட உரிமை வலுப்பெற்றது, ரூபாயில் எழுதப்பட்டது தேங்கி நின்றது. இருபது கிலோ அரிசி பதினைந்து ஆண்டு கழித்தும் இருபது கிலோவாகவே இருக்கிறது என்பதே பொருளாகக் கொடுப்பதற்கான முதன்மையான நியாயம் என்று நான் கருதுகிறேன். இந்த ஒப்பீட்டில் மற்ற எல்லாக் காரணங்களும் இதற்கு அடுத்தபடியாகவே வருகின்றன.

ரொக்கத்தின் தொகையை விலைவாசியோடு பிணைத்துவிட்டால் இந்தக் குறை தீராதா என்று கேட்கலாம். சட்டத்தில் ஒரு பிணைப்பு இருக்கவே செய்கிறது. உணவு மானியத்தை ரொக்கமாக வழங்க 2015இல் வகுக்கப்பட்ட ஒன்றிய விதிகள், குறைந்தபட்ச ஆதரவு விலையின் 1.25 மடங்கிலிருந்து ரேஷன் விலையைக் கழித்துவரும் தொகையைத் தரச் சொல்கின்றன. ஆனால் ஆதரவு விலை உழவருக்குத் தரும் விலை. ஏழை வாங்கப்போவது மளிகைக் கடையில் மூட்டை பிரித்து விற்கும் அரிசியை. இந்த இடைவெளி எப்படி இருக்கும் என்பதைக் கர்நாடகம் காட்டியது. 2023இல் அன்னபாக்கியத் திட்டத்தின்படி தலைக்குக் கூடுதலாக 5 கிலோ அரிசி தருவதாக வாக்களித்துப் பொறுப்பேற்ற அரசுக்கு உணவுக் கழகத்திடமிருந்து அரிசி கிடைக்கவில்லை. மாநிலங்களுக்கு வெளிச்சந்தைத் திட்டத்தில் விற்பதை ஒன்றிய அரசு நிறுத்தியிருந்தது. எனவே கிலோவுக்கு 34 ரூபாய் என்று கணக்கிட்டுத் தலைக்கு 170 ரூபாயைக் கணக்கில் செலுத்தினார்கள். அந்த விலைக்குக் கடையில் உண்ணத்தக்க அரிசி கிடைப்பது அரிது. 2025இல் உணவுக் கழகம் கிலோ 22.50 ரூபாய்க்குத் தர முன்வந்ததும் அரசு பணத்தை நிறுத்திவிட்டு அரிசிக்கே திரும்பியது. அந்த 22.50 ரூபாயிலும் ஒன்றிய அரசின் மானியம் ஒளிந்திருக்கிறது என்பது உண்மை. ஆயினும் பொதுக் கிடங்கில் இருப்பு குவிந்து கிடக்கும்போது, அரசு மொத்தமாகப் பெறக்கூடிய விலையில் ஏழை சில்லறையாக வாங்க முடியாது என்பது இதிலிருந்து விளங்கும்.

அடுத்தது, பணம் எடுக்கும் அலைச்சல். ஜார்க்கண்டில் ராஞ்சியை அடுத்த நக்ரி வட்டாரத்தில் 2017 அக்டோபரில் ஒரு சோதனை தொடங்கியது. அட்டைதாரர் மானியத் தொகையை வங்கியில் எடுத்துக்கொண்டு, ரேஷன் கடைக்குப் போய்க் கிலோ 32 ரூபாய்க்கு அரிசி வாங்க வேண்டும். அதாவது முன்பு கடைக்கு மட்டும் போய்க் கிலோ ஒரு ரூபாய்க்கு வாங்கியவர், இப்போது பணம் விழுந்ததா என்று பார்க்க வங்கிக்கும், அங்கே கூட்டமென்றால் சேவை மையத்துக்கும், பிறகு கடைக்கும் நடக்க வேண்டும். எந்தக் கணக்கில் பணம் விழுந்தது என்று தெரியாமல் தவித்தவர்கள் இருந்தார்கள். தவணை வராத மாதத்தில் அரிசியும் இல்லை. தினக்கூலிக்காரருக்கு வங்கி வரிசையில் கழியும் ஒரு பகல் ஒரு நாள் கூலி. அது எந்த மானியக் கணக்கிலும் ஏறுவதில்லை. மக்கள் ராஞ்சிக்கு ஊர்வலம் போனார்கள். 2018 ஆகஸ்டில் சோதனை கைவிடப்பட்டது.

புதுச்சேரியின் அனுபவம் இதைவிட நீண்டது. தமிழ் வாசகர்களுக்கு நெருக்கமானதும்கூட. சண்டிகரோடு புதுச்சேரியும் 2015இல் உணவுப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் வரும் அரிசிக்குப் பதில் ரொக்கம் என்ற ஏற்பாட்டுக்குள் கொண்டுவரப்பட்டது; தாத்ரா நகர் ஹவேலி 2016இல் சேர்ந்தது. புதுச்சேரி அரசு தன் செலவில் தந்துவந்த இலவச அரிசி குறித்துத் துணைநிலை ஆளுநர் கிரண் பேடி பணம்தான் என்றும், முதலமைச்சர் நாராயணசாமி அரிசிதான் என்றும் நின்றார்கள். வழக்கு சென்னை உயர் நீதிமன்றம் வரை போய், முடிவு ரொக்கத்தின் பக்கம் அமைந்தது. வறுமைக் கோட்டுக்குக் கீழுள்ளோரின் சிவப்பு அட்டைக்கு 600 ரூபாய், மற்றவர்களின் மஞ்சள் அட்டைக்கு 300 ரூபாய் என்று பணம் வந்தது. இங்கே ஒன்றைச் சொல்ல வேண்டும்: இந்த மூன்று பகுதிகளிலும் நடத்தப்பட்ட கள ஆய்வு, தொடக்கத்தில் பணம் வராமை போன்ற குழப்பங்கள் மிகுந்திருந்தாலும், நாளடைவில் ஏற்பாடு சீரடைந்ததையும், ரொக்கத்தை விரும்புவோர் கூடியதையும் கண்டது. நகரமும் வங்கிகளும் அருகிலிருக்கும் இடத்தில் நக்ரியின் துயரம் அப்படியே நிகழ வேண்டும் என்பதில்லை. ஆனால் புதுச்சேரியில் வேறொன்று நிகழ்ந்தது. கடைகள் பூட்டப்பட்டன; ஊழியர்கள் சம்பளமின்றிப் போராடினார்கள்; 2020இல் பெருந்தொற்று வந்து ஒன்றிய அரசு அரிசியாகவே அனுப்பியபோது, அதை வழங்கத் திறந்த கடைகள் இல்லாமல் வேறு ஏற்பாடு தேட வேண்டியிருந்தது. பணம் போதவில்லை, அரிசி வேண்டும் என்ற கோரிக்கை ஓயவே இல்லை. 2024 அக்டோபரில், தீபாவளியை ஒட்டி, கடைகள் மீண்டும் திறக்கப்பட்டன. ஒரு விநியோக வலையை அவிழ்ப்பது ஓர் ஆணையில் முடியும். திரும்பப் பின்னுவதற்கு ஆண்டுகள் ஆகும் என்பதை எந்தச் செலவு ஒப்பீட்டிலும் சேர்க்க வேண்டும்.

இரண்டாம் வழி, அரிசியே ஆனாலும் ஏழைகளுக்கு மட்டும் என்பது, காகிதத்தில் மிகவும் நியாயமாகத் தெரியும். கார் வைத்திருப்பவருக்கு ஏன் இலவச அரிசி என்ற கேள்விக்குச் சட்டென்று பதில் சொல்ல முடியாது. இந்தியா 1997இல் இந்த வழியில் இறங்கி, வறுமைக் கோட்டுக்கு மேல், கீழ் என்று அட்டைகளைப் பிரித்தது. யார் ஏழை என்பதை அரசு அறியும் முறையில்தான் சிக்கல் தொடங்குகிறது. முறைசாரா வேலை செய்பவருக்குச் சம்பளச் சீட்டு இல்லை. இந்த மாதம் வேலை உண்டு, அடுத்த மாதம் இல்லை. ஐந்து, பத்து ஆண்டுக்கு ஒருமுறை எடுக்கும் கணக்கெடுப்பில் அன்றைய நிலை பதிவாகும். கணவர் இறந்ததும், மூத்த மகன் தனிக்குடித்தனம் போனதும் பதிவாகா. உணவுப் பாதுகாப்புச் சட்டம் கிராமத்தில் 75 விழுக்காடு, நகரத்தில் 50 விழுக்காடு என்று வரம்பை அகலப்படுத்தியதால் இந்தப் பிழைகள் குறைந்தன. ஆனால் பயனாளிகளின் எண்ணிக்கை 2011 மக்கள்தொகையைக் கொண்டு நிர்ணயிக்கப்பட்டதால், அதன்பின் பிறந்தவர்களுக்கும் புதிதாகத் திருமணமானவர்களுக்கும் பல மாநிலங்களில் இடமில்லாமல் போயிற்று.

நவீனமான தரவுகளைக் கொண்டு வடிகட்டினால் சரியாகிவிடும் என்ற நம்பிக்கைக்கு மீண்டும் இலங்கையே சோதனைக்களமானது. 2022 பொருளாதார வீழ்ச்சிக்குப் பின், சமுர்த்தி என்ற பழைய நிவாரணத் திட்டத்துக்குப் பதிலாக 2023 ஜூலையில் அஸ்வெசும என்ற ரொக்க உதவித் திட்டம் வந்தது. வீடு, மின் நுகர்வு, சொத்து, கல்வி, உடல்நலம் உள்ளிட்ட 22 குறியீடுகளால் குடும்பங்களுக்கு மதிப்பெண் இட்டு, நான்கு வகுப்பாகப் பிரித்தார்கள். பட்டியல் வெளியானதும் ஒன்பது லட்சத்துக்கும் மேற்பட்ட மேல்முறையீடுகள் குவிந்தன. சமுர்த்தியில் கட்சிக்காரர்களுக்குச் சலுகை இருந்தது என்ற குற்றச்சாட்டு நெடுங்காலமாக உண்டு. அதை ஒழிக்கப் புள்ளிக் கணக்கு தேவை என்பது நேர்மையான நோக்கமே. ஆனால் தன் பெயர் ஏன் விழவில்லை என்று பிரதேச செயலகத்தில் கேட்கும் பெண்ணுக்கு, முன்பு ஓர் அதிகாரியைக் குறை சொல்ல முடிந்தது; இப்போது சூத்திரத்தைத்தான் குறை சொல்ல வேண்டும், அதுவோ அவருக்குக் காட்டப்படுவதில்லை.

தமிழ்நாடும் ஒருமுறை வடிகட்டிப் பார்த்தது என்பதைப் பலரும் மறந்துவிட்டார்கள். 2000களின் தொடக்கத்தில் அ.தி.மு.க. அரசு, மாதம் 5,000 ரூபாய்க்கு மேல் வருமானம் உள்ளவர்களின் அட்டையில் 'எச்' முத்திரை ஒட்டி அவர்களுக்கு அரிசி இல்லை என்றது. 2004 மக்களவைத் தேர்தலில் தோற்றதும், அந்த மே மாதமே முத்திரை விலக்கிக்கொள்ளப்பட்டது. அதன்பின் எந்த ஆட்சியும் அதைத் தொடவில்லை. 2016 நவம்பரில் உணவுப் பாதுகாப்புச் சட்டத்தை ஏற்றபோதும், அந்தச் சட்டத்தின் பட்டியலில் வராத முன்னுரிமையற்ற அட்டைகளுக்கான அரிசியை மாநிலம் தன் பணத்தில் தொடர்ந்தது. இதற்கும் உணவு மானியத்தின் மற்ற இனங்களுக்குமாக ஆண்டுக்குப் பத்தாயிரம் கோடி ரூபாய்க்கு மேல் ஒதுக்கப்படுகிறது.

இத்தனை பணத்துக்கு ஈடாகக் கிடைப்பது என்ன? தகுதி என்ற கேள்வியே இல்லாததால் விடுபடுவோர் மிகக் குறைவு. அரிசி வேண்டாதவர் சர்க்கரை அட்டைக்கு மாறிக்கொள்ளலாம். வசதியுள்ளவர்களில் கணிசமானோர் அரிசிக்காக வரிசையில் நிற்பதில்லை. இந்தத் தானே விலகுதல் எந்தக் கணக்கெடுப்பையும்விட நுட்பமான வடிகட்டி. தெருவில் எல்லோரும் அட்டை வைத்திருப்பதால், எடை குறைந்தாலோ கடை திறக்காவிட்டாலோ சத்தம் போடத் தெரிந்தவர்களும் அந்த வரிசையில் இருக்கிறார்கள். கடைகள் பெரும்பாலும் தனியார் முகவர்களிடம் இல்லாமல் கூட்டுறவுச் சங்கங்களிடம் இருப்பதும், 1972இல் தொடங்கிய தமிழ்நாடு நுகர்பொருள் வாணிபக் கழகம் கிடங்கையும் போக்குவரத்தையும் கையில் வைத்திருப்பதும், கசிவு தேசியச் சராசரியைவிட வெகுவாகக் குறைந்திருப்பதற்குக் காரணங்கள். காவிரிப் படுகையின் கொள்முதல் நிலையங்களில் எடுக்கப்படும் நெல்லுக்கு நிச்சயமான போக்கிடமும் இதுவே; அரிசிக்குப் பதில் ரொக்கம் என்று சொல்பவர்கள் அந்த நெல்லை யார் வாங்குவது என்பதையும் சொல்லியாக வேண்டும்.

குறைகளும் சிறியவையல்ல. கேரளத்துக்கும் ஆந்திரத்துக்கும் அரிசி கடத்தப்படுவது ஓயாத செய்தி. வாங்காத அட்டையின் பேரில் பதிவு செய்வது, பழுப்பேறிய அரிசியைத் தள்ளிவிடுவது ஆகியவை இன்றும் நடக்கின்றன. எல்லாவற்றையும்விடப் பெரிய குறை, உணவு என்றாலே அரிசி என்று சுருங்கிப்போனது. 2007 முதல் துவரம் பருப்பும் பாமாயிலும் மானிய விலையில் கிடைப்பதும், நீலகிரியிலும் தருமபுரியிலும் 2023இல் கேழ்வரகு கொடுக்கத் தொடங்கியதும் சரியான திசையில் வைத்த சிறு அடிகள். இக்குறைகள் திருத்தக்கூடியவை என்பதற்குச் சத்தீஸ்கர் சாட்சி. அங்கே 2004இல் கடைகளைத் தனியாரிடமிருந்து எடுத்து ஊராட்சிகளுக்கும் மகளிர் குழுக்களுக்கும் கொடுத்து, 2007இல் பயனாளிகளைப் பெருமளவு விரிவாக்கினார்கள். ஏறத்தாழப் பாதியாக இருந்த கசிவு 2011-12இல் பத்தில் ஒன்றளவுக்கு இறங்கியதாக பொருளியலாளர்கள் ழான் திரேஸ், ரீத்திகா கேரா ஆகியோரின் மதிப்பீடு சொன்னது. சாந்தகுமார் குழு காட்டிய தேசியச் சராசரி, பழுதான மாநிலங்களையும் திருந்திய மாநிலங்களையும் ஒன்றாகக் கலந்த எண்.

ஆகவே தமிழ்நாடு போன்று இயங்கும் கடைவலை உள்ள மாநிலத்துக்கு என் தேர்வு தெளிவானது: அரிசி எல்லோருக்கும் தொடரட்டும், ரொக்கம் அதற்குப் பக்கத்தில் நிற்கட்டும், அதன் இடத்தில் அல்ல. நடைமுறையில் மாநிலம் ஏற்கெனவே அந்த வடிவத்துக்கு வந்துவிட்டது. 2023 செப்டம்பர் 15 முதல் கலைஞர் மகளிர் உரிமைத் தொகை குடும்பத் தலைவியின் கணக்கில் மாதம் 1,000 ரூபாய் சேர்க்கிறது, தொடக்கத்தில் 1.06 கோடிப் பெண்கள் பெற்றார்கள். அரிசி பசிக்கு, பணம் மற்ற தேவைக்கு என்ற இந்தப் பிரிவினை நல்லது. ஆனால் உரிமைத் தொகையில் இலங்கையின் இரண்டு தவறுகளும் பதிந்துள்ளன. ஆண்டு வருமானம் இரண்டரை லட்சம், நன்செய் ஐந்து ஏக்கர், மின்சாரம் 3,600 யூனிட் என்ற வரம்புகளால் அது வடிகட்டப்படுகிறது. 1,000 ரூபாய் என்பது எந்த விலைக் குறியீட்டோடும் கட்டப்படவில்லை.

நிலைமை வேறாக இருக்கும் இடத்தில் முடிவும் வேறாகலாம். ரேஷன் கடை பல ஆண்டுகளாகத் தனியார் முகவரின் பிடியில் கிடந்து, வங்கிக் கிளை நடந்துபோகும் தூரத்தில் உள்ள ஒரு நகர்ப்பகுதியில், விரும்புபவருக்கு ரொக்கம் என்று தெரிவு கொடுப்பதை நான் எதிர்க்க மாட்டேன். விரும்பாதவருக்குக் கடை திறந்திருக்க வேண்டும், மனம் மாறினால் ஆறு மாதத்தில் அரிசிக்குத் திரும்ப வழியிருக்க வேண்டும், தொகை அந்த ஊர்ச் சில்லறை விலையைப் பின்தொடர வேண்டும். இந்த மூன்றையும் ஆணையில் எழுத மறுக்கும் அரசு ரொக்கத்துக்கு மாறுவதாகச் சொன்னால், அது செலவைக் குறைக்கவே மாறுகிறது என்று கொள்ளலாம். தமிழ்நாட்டில் உடனடியாகச் செய்யக்கூடியது அதைவிட எளிது: முதியோர் ஓய்வூதியத்தையும் மகளிர் உரிமைத் தொகையையும், அரசு ஊழியரின் அகவிலைப்படியைப் போல, ஆண்டுக்கு இருமுறை விலைவாசிக் குறியீட்டின்படி தானாக உயரும் தொகைகளாகச் சட்டத்தில் எழுதிவிடுவது.